கையெழுத்தில்லாத வவுச்சர்

உங்களிடம் கார் இருந்தால் ஒரு காரியம் செய்யுங்கள். டிரைவர் ஸீட்டில் உட்கார்ந்து ஸ்டியரிங்குக்குக் கீழே தலையை நுழைத்துப் பாருங்கள். இடுப்பு ஒத்துழைக்காதவர்கள் வீட்டில் உள்ள பத்து வயதுப் பையனை அனுப்பலாம். போன வருஷம் தொலைந்த பேனா மூடி, கடலை மிட்டாய்க் காகிதம் இவற்றைத் தாண்டி, முழங்காலுக்குப் பக்கத்தில் பதினாறு ஓட்டைகளோடு ஒரு பிளாஸ்டிக் வாய் தெரியும்.

அதன் பெயர் ஓ.பி.டி. போர்ட். கார் தனக்கு என்ன உடம்பு என்று தானே சொல்லிக்கொள்ளும் இடம். அமெரிக்காவில் 1996 மாடல்களிலிருந்து கட்டாயம். நம் நாட்டில் இதன் முழு வடிவமான ஓ.பி.டி.-2, 2013 ஏப்ரலில் கட்டாயமானது. கார் வாங்கியவர் மேல் உள்ள பாசத்தினால் அல்ல. எல்லாம் புகை சமாசாரம். எஞ்சின் கெட்டு, கண்ட புகையையும் கக்க ஆரம்பித்தால் கார் தன்னைத்தானே காட்டிக்கொடுக்க வேண்டும் என்பது விதி. அப்படிக் காட்டிக்கொடுக்கிற விளக்குதான் டாஷ்போர்டில் எஞ்சின் படத்தோடு மஞ்சளாக எரிவது. அது எரிந்ததும் நம் ஆட்கள் செய்கிற முதல் வைத்தியம், அதன் மேல் ஒரு பிள்ளையார் ஸ்டிக்கர் ஒட்டுவது!

என் மைத்துனன் அந்த ரகமில்லை. கார் வாங்கிய மறுமாதமே, ஐந்நூறு ரூபாய் சொச்சத்துக்குத் தீப்பெட்டி அளவில் ஒரு சாதனம் வாங்கி அந்த வாயில் செருகிவிட்டான். அது புளூடூத்தில் அவன் செல்போனோடு பேசும். அன்றிலிருந்து அவன் காரில் போவது ஐ.சி.யூ.வில் போவது மாதிரி.

"அத்தான், கூலண்ட் 91 டிகிரி! பாட்டரி 14.1 வோல்ட்! பாருங்களேன்!"

"டேய், எதிர்ல லாரி வருதுடா!" இது என் மனைவி.

கேலி போகட்டும். அவன் செய்ததில் பாதி நல்ல காரியம். பாதிதான். அந்தப் பாதி எது, மீதி எது என்பதுதான் இந்த வார விஷயம்.

முதலில் நல்ல பாதி.

கார் மஞ்சள் விளக்கு போட்டதும் பட்டறைக்குப் போகிறீர்கள். ஸ்கேனரைச் செருகுகிறார்கள். "கன்வெர்ட்டர் போயிடுச்சு சார், மாத்தணும்" என்கிறார்கள். கன்வெர்ட்டர் என்பது புகையைச் சுத்தம் செய்யும் சாமான். உள்ளே பிளாட்டினம், பல்லேடியம் என்று நகைக்கடை ஐட்டமெல்லாம் இருக்கும். விலையும் அதே கடை விலை.

"என்ன கோடு வந்துச்சு?" என்று கேட்டால், "அதெல்லாம் உங்களுக்குப் புரியாது சார்."

புரியும் சார். பி0420 என்று வந்திருக்கும். 'பி' என்றால் எஞ்சின், கியர் சமாசாரம். 'சி' சேஸிஸ், 'பி' மாதிரியே காதில் விழும் இன்னொரு ஆங்கில எழுத்து பாடி, 'யு' என்றால் காருக்குள் ஓடும் தகவல் வயர். பி0420 சொல்வது 'கன்வெர்ட்டர் செத்துவிட்டது' என்று அல்ல. 'கன்வெர்ட்டரின் வேலை போதவில்லை என்று எனக்குத் தோன்றுகிறது' என்றுதான். கன்வெர்ட்டருக்கு முன்னால் ஓர் ஆக்ஸிஜன் சென்ஸர், பின்னால் ஒன்று. இரண்டும் சொல்வதை ஒப்பிட்டுக் கம்ப்யூட்டர் சந்தேகப்படுகிறது, அவ்வளவே. சென்ஸர் பழசாகியிருக்கலாம். சைலன்ஸர் குழாயில் ஓட்டை விழுந்து வெளிக்காற்று நுழைந்திருக்கலாம். பி0171 என்று வந்தால் பெட்ரோலைவிடக் காற்று அதிகம் என்று அர்த்தம். அதற்குக் காரணம் பல சமயம் வெடித்துப்போன ஒரு ரப்பர் குழாய். கோடு என்பது இருமல். இருமினதும் நுரையீரலை மாற்றுகிற டாக்டரிடம் நீங்கள் போவீர்களா?

பழைய கார் வாங்குகிறவர்களுக்கு இதைவிடப் பெரிய லாபம் உண்டு. விற்கிறவர் முதல் நாள் இரவு ஸ்கேனரைச் செருகி எல்லாக் கோடுகளையும் அழித்துவிட்டு, காலையில் சந்தனம் குங்குமம் வைத்து உங்களிடம் காட்டலாம். மஞ்சள் விளக்கு எரியாது. ஆனால் ஓ.பி.டி.யை வடிவமைத்தவர்கள் நம்மைப் போல் நாலு பேரைப் பார்த்தவர்கள். கோடுகளை அழித்தால் கார் தனக்குத்தானே வைத்துக்கொள்ளும் பரீட்சைகளின் ரிசல்ட்டும் சேர்ந்து அழியும். மறுபடி எழுதி முடிக்கும் வரை 'இன்னும் முடியவில்லை' என்று காட்டும். எப்போது முடியும்? கொஞ்ச நாள் பலவிதமாக ஓட்டினால்தான். அதுவும் போதாதென்று, கோடுகளை அழித்த பிறகு எத்தனை கிலோமீட்டர் ஓடியிருக்கிறது என்று ஒரு கணக்கும் பல கார்களில் உண்டு. 'ஒரு கம்ப்ளெயின்டும் கிடையாது சார்' என்று சொல்லப்பட்ட காரில் அந்தக் கணக்கு 6 கிலோமீட்டர் என்று காட்டினால் பட்டென்று கிளம்பிவிடுங்கள். பி.காம். படித்த எனக்கு இது ரொம்பப் பிடித்தது. லெட்ஜரில் பக்கத்தைக் கிழிக்கலாம். கிழித்த இடம் தெரியும்.

இப்போது மீதிப் பாதி. அதற்கு அந்த வாய்க்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

ஒரு காலத்தில் காரில் ஒவ்வொரு ஸ்விட்ச்சுக்கும் ஒரு வயர். சாமான்கள் கூடக் கூட வயர் கட்டு தொடை தண்டி ஆனது. 1983-ல் ஜெர்மனியின் பாஷ் கம்பெனி எஞ்சினியர்கள் மாற்று வழி தேட ஆரம்பித்து, 1986-ல் அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரில் அதை வெளியிட்டார்கள். பெயர் கேன். தகர டப்பா கேன் அல்ல. 'கன்ட்ரோலர் ஏரியா நெட்வொர்க்'. 1991-ல் மெர்ஸிடிஸின் எஸ்-கிளாஸ் காரில் ஏறியது. இன்று ஏறக்குறைய எல்லாக் காரிலும் இருக்கிறது. பின்னல் போல் முறுக்கிய இரண்டே வயர்கள். எஞ்சின், பிரேக், ஏர்பேக், கதவு எல்லாவற்றின் குட்டிக் கம்ப்யூட்டர்களும் அந்த இரண்டில்தான் பேசிக்கொள்ள வேண்டும். ஒவ்வொரு செய்தியிலும் அதிகபட்சம் 8 பைட்.

ஒரே வயரில் எல்லாரும் பேசினால் கல்யாண வீடு மாதிரி ஆகிவிடாதா? ஆகாது. ஒவ்வொரு செய்திக்கும் ஒரு நம்பர். இரண்டு பேர் ஒரே சமயத்தில் வாயைத் திறந்தால் சின்ன நம்பருக்குத்தான் வழி. பெரிய நம்பர் கப்சிப். அது முடிந்ததும் மறுபடி முயற்சி செய்யும். கூட்டுக் குடும்பத்தில் பாட்டி பேசும்போது மருமகள்கள் காத்திருந்த மாதிரி. மருமகள்கள் அடுப்படியில் போய் முணுமுணுப்பார்கள். கேனில் அது கிடையாது.

அந்த நம்பர் இருக்கிறதே, அது 'யார் பேசுகிறார்' என்பதற்கான நம்பர் அல்ல. 'என்ன விஷயம்' என்பதற்கான நம்பர். 'சக்கர வேகம் 60' என்று வயரில் வந்தால் எல்லாரும் நம்பிவிடுவார்கள். சொன்னது யார், சொல்ல அவருக்கு அதிகாரம் உண்டா என்று கேட்கிற வழக்கமே அந்த மூல விதிகளில் இல்லை. 1986-ல் அது நியாயம்தான். காருக்குள் வேறு யார் வந்து பேசப்போகிறார்கள் என்று நினைத்தார்கள். ஆனால் ஒரு காமர்ஸ்காரனுக்கு இதைக் கேட்டதும் வயிற்றைக் கலக்குகிறது. கையெழுத்தே இல்லாத வவுச்சருக்கு கேஷியர் பணம் கொடுக்கிற ஆபீஸ் இது! திருடன் வரும் வரை பிரமாதமாக நடக்கும்.

திருடனும் வந்தான். உங்கள் முழங்காலுக்குப் பக்கத்திலுள்ள அந்தப் பதினாறு ஓட்டைகளில் 6-ம் 14-ம் கேன் வயர்கள். 2015-ல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் ஸான் டியேகோ ஆராய்ச்சியாளர்கள், அந்த வாயில் செருகிவைக்கும் ஒரு கண்காணிப்பு சாதனத்தை எடுத்துக்கொண்டார்கள். அதற்குள் சிம் உண்டு. வெளியிலிருந்து எஸ்.எம்.எஸ். அனுப்பி ஒரு கார்வெட் காரின் வைப்பரை ஓடவிட்டார்கள். பிரேக்கைப் போட்டார்கள். மெதுவாகப் போகும்போது பிரேக் பிடிக்காமலும் செய்து காட்டினார்கள். அதே வருஷம் வேறு இரண்டு ஆராய்ச்சியாளர்கள் ஒரு ஜீப்புக்குள் அதன் மியூஸிக் சிஸ்டம் வழியாகவே நுழைந்தார்கள். 14 லட்சம் வண்டிகளைத் திரும்ப அழைக்க வேண்டியதாயிற்று.

2022-ல் லண்டனில் நடந்தது இன்னும் ஜோர். கார் பாதுகாப்பையே ஆராய்ச்சி செய்கிற ஒருவருடைய டொயோட்டா காரையே கிளப்பிக்கொண்டு போய்விட்டார்கள்! உள்ளே கூட நுழையவில்லை. முன் பம்பரைப் பிரித்து ஹெட்லைட்டின் வயரைப் பிடித்து, அதன் வழியாக கேனுக்குள் 'சரியான சாவி வந்துவிட்டது, கதவைத் திற' என்று பொய்ச் செய்தி அனுப்பியிருக்கிறார்கள். பாட்டுக் கேட்கும் ஸ்பீக்கர் டப்பாவுக்குள் ஒளித்து விற்கப்படும் சாதனம் அதற்கு இருக்கிறது. கதவு, நல்ல பிள்ளையாகத் திறந்தது. கையெழுத்து இல்லாத வவுச்சர்!

இதையெல்லாம் படித்துவிட்டு என் மைத்துனன் ராத்தூக்கம் கெட வேண்டாம். அவனுடைய தீப்பெட்டியில் சிம் இல்லை. ஆனால் இது தெரியட்டும். கனடாவில் எல்ம் எலெக்ட்ரானிக்ஸ் என்று ஒரு சின்னக் கம்பெனி, இந்த வேலைக்கென்று 'எல்ம் 327' என்ற சில்லை விற்றது. முதல் பதிப்பில் நகல் எடுப்பதைத் தடுக்கும் பூட்டைப் போடவில்லை. விளைவு, உலகம் முழுக்க டூப்ளிகேட். அசல் கம்பெனி 2022-ல் கடையை மூடிவிட்டது, டூப்ளிகேட்டுகள் சௌக்கியம். பலவற்றுக்குப் புளூடூத் ரகசிய எண் 1234. பக்கத்துக் கார்க்காரரும் அதைத்தான் முதலில் போட்டுப் பார்ப்பார். தவிர, 16-ம் ஓட்டையில் பாட்டரி கரண்ட் எப்போதும் இருக்கும், சாவியை எடுத்தாலும். சாதனத்தை அப்படியே விட்டுவிட்டு மூன்று வாரம் ஊருக்குப் போய் வந்தால் காரைத் தள்ள நாலு பேர் தேவைப்படலாம்.

ஆக்ஸஸரீஸ் கடைகளைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். பெரிய திரை ஸ்டீரியோ, அலாரம், டிராக்கர் எல்லாம் இன்று கேன் வயரைத் தேடித்தான் வருகின்றன. காருக்கென்று அளவெடுத்த கப்ளர் இருந்தால் பாதகமில்லை. கடைப் பையன் பல்லால் வயரைச் சீவ ஆரம்பித்தால் கையைப் பிடித்துவிடுங்கள். கேன் வயரின் இரண்டு முனைகளிலும் 120 ஓம் தடை இருக்கும். பாட்டரியைக் கழற்றிவிட்டு 6-க்கும் 14-க்கும் நடுவில் மீட்டர் வைத்தால் 60 காட்ட வேண்டும். இரண்டு 120 சேர்ந்தால் எப்படி 60 என்று என்னைப் போன்ற பி.காம். கேட்பான், பக்கம் பக்கமாக நின்றால் அப்படித்தான் என்று ஃபிஸிக்ஸ் வாத்தியார் சொல்வார். வேலை முடிந்ததும் 40 என்று காட்டினால், கடைக்காரர் மூன்றாவதாக ஒன்றை உள்ளே விருந்தாளியாக விட்டிருக்கிறார்.

அப்புறம் 'கேன்பஸ் பல்பு' என்று எல்.இ.டி. விற்பார்கள். பெரும்பாலும் அதற்கும் கேனுக்கும் ஸ்நானப்பிராப்தி கிடையாது. எல்.இ.டி. கொஞ்சமாகக் கரண்ட் இழுப்பதால் பல்பு ஃப்யூஸ் என்று கார் நினைத்துக்கொள்ளும். அதை ஏமாற்ற, கூடுதலாகக் கரண்ட் தின்கிற ஒரு ரெஸிஸ்டர். சிக்கனத்துக்கு பல்பு வாங்கி, செலவுக்கு ரெஸிஸ்டர் வாங்குகிறோம்!

சரி, இவ்வளவு ஆபத்து என்றால் அந்த வாய்க்குப் பூட்டு போட்டுவிட வேண்டியதுதானே? போடுகிறார்கள். ஃபியட் கிரைஸ்லர் தன் 2018 மாடல்களிலிருந்து நடுவில் ஒரு வாட்ச்மேனை உட்கார வைத்தது. கோடுகளை யாரும் படிக்கலாம். அழிக்கவோ, எதையாவது இயக்கிப் பார்க்கவோ பதிவு செய்த கருவி வேண்டும். இது நியாயமான பூட்டு. ஆனால் பூட்டு என்று ஒன்று வந்தால் சாவி யாரிடம் என்ற கேள்வியும் வரும். 2014 ஆகஸ்டில் நம் போட்டி ஆணையம் 14 கார் கம்பெனிகளுக்குச் சேர்த்து 2,544 கோடி ரூபாய் அபராதம் போட்டது. உதிரி பாகங்களையும், கோளாறு கண்டுபிடிக்கும் கருவிகளையும் வெளிப் பட்டறைகளுக்குக் கிடைக்கவிடாமல் செய்தது அந்தப் புகாரின் முக்கியப் பகுதி. கம்பெனிகள் மேல்முறையீடு, கோர்ட் என்று போனார்கள். திருடனுக்குப் போடுகிற பூட்டு தெருமுனை மெக்கானிக்குக்கும் சேர்த்து விழுந்தால், நமக்கு மிஞ்சுவது "அதெல்லாம் உங்களுக்குப் புரியாது சார்" மட்டும்தான்.

என் கட்சி சுலபமானது. லெட்ஜரைப் பார்க்கும் உரிமை முதலாளிக்கு எப்போதும் வேண்டும். அதில் எழுதுகிறவன் மட்டும் கையெழுத்துப் போட்டுவிட்டு எழுதட்டும். காருக்குப் பணம் கட்டினவர் நீங்கள். அது உங்களைப் பற்றிச் சொல்வதைக் கேட்க யாருடைய தயவும் தேவையில்லை.

அதனால் அந்தச் சாதனத்தை வாங்குங்கள். ஆனால் ஸ்டெதாஸ்கோப் மாதிரி வைத்துக்கொள்ளுங்கள்: வைத்தோம், கேட்டோம், எடுத்தோம். டாக்டர்கூட அதைப் பேஷன்ட்டின் நெஞ்சிலேயே விட்டுவிட்டு வீட்டுக்குப் போவதில்லை. பட்டறைக்குப் போனால் கோடு நம்பரைக் கேட்டு எழுதிக்கொண்ட பிறகுதான் அழிக்க விடுங்கள். பழைய கார் வாங்கப் போகும்போது பையில் போட்டுக்கொண்டு போங்கள்.

மஞ்சள் விளக்கு எரிந்தால் பிள்ளையாரைத் தொந்தரவு செய்யாதீர்கள். அவருக்கு எல்லாக் கோடும் தெரியும். பில் கட்டப் போவது நீங்கள்தான்.