கட்டியவரும் காத்தவரும்

பொறியியலாளரின் புகழ் விந்தையானது. பாலத்தை நாள்தோறும் ஆயிரவர் கடக்கின்றனர். கட்டியவர் யாரென ஒருவரும் கேட்பதில்லை. இக்குறையை ஓரளவு போக்கியது பிரித்தானியாவின் மக்றொபேட் பரிசு. புதுமை, வணிக வெற்றி, சமுதாயப் பயன் ஆகிய மூன்றையும் சீர்தூக்கி, 1969 முதல் இது வழங்கப்பட்டு வருகிறது.

இதன் பின்னணியில் ஒரு தாயின் துயரம் உண்டு. மக்றொபேட் சீமாட்டியின் மூத்த மைந்தர் 1938இல் விமான விபத்தில் மாண்டார். மற்றை இருவரும் 1941இல் வான்படைச் சேவையில் உயிர் துறந்தனர். அத்தாய் 25,000 பவுண் ஈந்து, குண்டுவீச்சு விமானம் ஒன்றை நாட்டுக்கு அளித்தார். பின்னர் அவர் நிறுவிய அறநிலையமே இப்பரிசைத் தோற்றுவித்தது.

நடுவர்களின் கண் கூரியது என்பதில் ஐயமில்லை. மூளையைக் குறுக்குவெட்டாகப் படம்பிடிக்கும் ஊடுகதிர்க் கருவிக்கு 1972இலேயே இப்பரிசு கிடைத்தது. அதனை ஆக்கிய ஹவுன்ஸ்பீல்ட் நோபல் பரிசு பெற்றதோ 1979இல். முழங்காலும் கணுக்காலும் இசைந்தியங்கும் செயற்கைக் காலுக்கு 2016இலும், சிறுவர்க்கும் எட்டும் விலையில் அமைந்த 'ராஸ்பெரி பை' கணினிக்கு 2017இலும் பரிசு அளிக்கப்பட்டது. தனியொருவருக்கு முடிசூட்டாது குழுவினரைப் பாராட்டுவதும் இதன் சிறப்பு.

ஆயினும் எனக்கொரு மனக்குறை உண்டு. முதலாண்டில் பரிசு பெற்றவற்றுள் ஒன்று, 1966இல் திறக்கப்பட்ட சேவேண் தொங்குபாலம். காற்றை வகுத்தொதுக்கும் பெட்டி வடிவத் தளத்தால் எஃகுச் செலவைக் குறைத்த அரிய படைப்பு அது. ஆனால் பாரவூர்திகள் பெருகவே, 1980களில் அதனைப் பெருமுயற்சியோடு வலுப்படுத்த நேர்ந்தது. 2006இல் பெருவடங்களைத் திறந்து நோக்கியபோது உள்ளே கம்பிகள் அரிக்கப்பட்டிருந்தன. உலர்காற்றைச் செலுத்தி அரிப்பைத் தடுக்க வழி செய்தனர். பாலம் இன்றும் நிற்கிறது. காத்தவர் கழுத்தில் அந்தப் பதக்கம் ஏறவில்லை.

பராமரிப்பு சம்பளத்துக்குச் செய்யும் கடமை, அதற்கேன் பரிசு என்பர் சிலர். கட்டியவரும் சம்பளம் பெற்றவரே அன்றோ! மேலும், போக்குவரத்தை முற்றாக நிறுத்தாமல், பிறர் வகுத்த அமைப்பின் குறையைக் கண்டறிந்து திருத்துவதற்கு வேண்டிய மதிநுட்பம், புதிதாக வரைவதற்கு வேண்டியதினும் குறைந்ததன்று. சமுதாயப் பயன் என்பது திறப்புவிழா நாளன்று அளந்துவிடக்கூடியதுமன்று.

சீமாட்டியின் கணவர் சேர் அலெக்சாந்தர் செல்வம் ஈட்டியது இந்தியாவின் கான்பூர்க் கம்பளி ஆலைகளிலே. பரிசைத் தந்த குடும்பத்தின் பொருளிலும் பெயரறியாத் தொழிலாளரின் உழைப்பு உண்டு. அத்தகைய கைகளை நினைவுகூர ஒரு வழி சொல்வேன். புதுமைக்கு ஒரு பதக்கம் அளிக்கும்போதே, முப்பது ஆண்டுகள் பழுதின்றி மக்களுக்கு உதவிய பழைய படைப்பொன்றைத் தேர்ந்து, அதனைக் காத்தவர்க்கும் ஒரு பதக்கம் அளிக்கட்டும். இளம் பொறியியலாளர் பலர் அப்பணியையும் பெருமையோடு நாடுவர் என்பது என் துணிபு.