கொரோனாவுக்கும் ஒரு தேவி!

நம் நாட்டில் கடவுள்களுக்குப் பஞ்சம் உண்டென்று எவரும் குறை கூறியதில்லை. முப்பத்து முக்கோடி என்று கணக்குச் சொல்லப்படும் இந்நாட்டில், 2021-ஆம் வருஷம் மே மாதத்தில் அந்தக் கணக்கும் போதாமற்போய்ப் புதிதாக ஒரு கடவுள் உற்பத்தி செய்யப்பட்டது. கோயமுத்தூரை அடுத்த இருகூர் காமாட்சிபுரி ஆதீனத்தில், ஒன்றரை அடி உயரக் கருங்கல் சிலைக்குக் “கொரோனா தேவி” என்று நாமகரணம் சூட்டி, 48 நாள் மகா யாகமும் ஆரம்பித்தார்கள்.

மற்றக் கடவுள்களின் பிறப்பைக் கேட்டால் “அநாதி” என்று சொல்லித் தப்பித்துக்கொள்வார்கள். இந்தத் தேவியின் விஷயத்தில் அந்த வழியும் அடைபட்டுப் போயிற்று. 2019-க்கு முன் இந்த வியாதியே உலகில் எவருக்கும் தெரியாது. வியாதி வந்தது, பயம் வந்தது, பயத்தின் பின்னால் சிற்பி வந்தான், சிற்பியின் பின்னால் மந்திரம் வந்தது. ஒரு கடவுள் உண்டாகும் விதத்தை நம் கண்ணெதிரிலேயே காட்டிக் கொடுத்தமைக்காக அந்த ஆதீனத்தாருக்கு நாம் நன்றி செலுத்தக் கடமைப்பட்டிருக்கிறோம்.

நிற்க, தேவியின் சக்தியைச் சற்று யோசித்துப் பாருங்கள்! ஊரடங்கை முன்னிட்டுப் பொது ஜனங்களுக்கு அந்த வழிபாட்டில் அநுமதி இருக்கவில்லை. வியாதியை விரட்ட வந்த தேவியே வியாதிக்குப் பயந்து கதவைச் சாத்திக்கொள்ளுமானால், அதை நம்பும் பக்தனின் கதி என்ன? 2020 மார்ச்சில் திருப்பதி ஏழுமலையானும் தரிசனத்தை நிறுத்திக்கொள்ளவில்லையா? கடவுள்கள் எல்லாம் சுகாதார இலாகாவின் உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தன. சுகாதார இலாகா எந்தக் கடவுளின் உத்தரவுக்கும் காத்திருக்கவில்லை.

“கோயமுத்தூரிலே முன்பே பிளேக் மாரியம்மன் இல்லையா?” என்று முன்மாதிரி காட்டுகிறார்கள். நாமும் அதையேதான் கேட்கிறோம். “பிளேக்” என்பது எந்த வேதத்தில், எந்த ஆகமத்தில் உள்ள பெயர்? வெள்ளைக்காரன் வாயிலிருந்து வந்த வார்த்தை அம்மனுக்குப் பெயராயிற்று என்றால், அம்மன் வந்த வழியும் அதுதானே? பிளேக்குக் கிருமியை 1894-இல் ஹாங்காங்கில் எர்சின் கண்டுபிடித்தார். தடுப்பு மருந்தை 1897-இல் பம்பாயில் ஹாஃப்கின் கண்டுபிடித்தார். இவ்விருவருக்கும் எந்த ஊரில் கூழ் ஊற்றுகிறார்கள்?

மாரியம்மன் கதையும் இதுதான். வைசூரி கண்டால் “அம்மா வந்திருக்கிறாள்” என்று வேப்பிலை கட்டினோம். அம்மை குத்துகிறவரைக் கண்டால் பிள்ளைகளை ஒளித்துவைத்தோம். அந்த ஊசிதான் இந்தியாவில் வைசூரியை 1975-உடன் முடித்தது. 1980-இல் உலக சுகாதார ஸ்தாபனம் அது உலகிலேயே ஒழிந்ததென்று அறிவித்தது. வைசூரியைத் தந்தவள் அம்மன் என்றால், ஊசி அம்மனை ஜெயித்துவிட்டது. தீர்த்தவள் அம்மன் என்றால், அத்தனை நூற்றாண்டுகளாக அவள் ஏன் காத்திருந்தாள்? இரண்டில் ஒன்றைச் சொல்லட்டும்.

இனி நம் பக்கத்தைப் பார்ப்போம். பெருங்களத்தூர் ஸ்டேஷனில் ரயிலேறி வடக்கே போனால் இரண்டாவது ஸ்டேஷன் சானடோரியம். 1928-இல் டாக்டர் சௌரி முத்து ஆரம்பித்து, 1937-இல் சர்க்கார் ஏற்றுக்கொண்ட க்ஷயரோக ஆஸ்பத்திரியால் வந்த பெயர் அது. எத்தனையோ ஏழைகள் உயிர் பிழைத்து வெளிவந்த இடம். இன்னும் வடக்கே கிண்டியில் 1948-இல் ஏற்பட்ட பி.சி.ஜி. தடுப்பு மருந்துச் சாலை இருக்கிறது. பொதுஜனங்களுக்குச் சொந்தமான அதன் உரிமத்தை, குன்னூர், கசௌலி மருந்துச் சாலைகளின் உரிமத்தோடு சேர்த்து 2008-இல் மத்திய சர்க்கார் நிறுத்தி வைத்தது. 2010-இல்தான் திருப்பிக் கொடுத்தது.

தெற்கே போனால் செங்கல்பட்டு. அதை அடுத்த திருமணியில், சுமார் 100 ஏக்கரில், ஏறக்குறைய 600 கோடி ரூபாய்த் திட்டமாக மத்திய சர்க்கார் கட்டிய தடுப்பூசி வளாகம், கொரோனா தேவிக்கு யாகம் நடந்த அதே 2021 மே மாதத்தில், ஒரு மருந்துக் குப்பியும் வெளிவராமல் சும்மா கிடந்தது. தமிழ்நாட்டு முதலமைச்சர் நேரில் போய்ப் பார்த்தார், மாநில சர்க்கார் குத்தகைக்குக் கேட்டது. அதே மே மாதம் 4-ஆம் தேதி இரவு செங்கல்பட்டு அரசு ஆஸ்பத்திரியில் பத்துக்கு மேற்பட்ட நோயாளிகள் மாண்டார்கள். பிராணவாயு போதவில்லை என்றார்கள் உறவினர்கள், அது காரணமல்ல என்றார்கள் அதிகாரிகள். எது எப்படியாயினும், அந்த இரவில் அங்கே வேண்டியிருந்தது பிராணவாயுவா, யாகப் புகையா?

“மனத் தைரியத்துக்காகக் கும்பிடுகிறார்கள், உங்களுக்கென்ன நஷ்டம்?” என்று சில படித்தவர்கள் கேட்கக் கூடும். பிள்ளைக்குச் சுரம் என்று பயந்து கை கூப்பும் தாயை நாம் பரிகாசம் செய்யவில்லை. அவளுடைய பயத்தைக் கல்லின் பக்கம் திருப்பி விடுகிறவர்களைத்தான் கண்டிக்கிறோம். மருந்துச் சாலை ஏன் பூட்டிக் கிடக்கிறது, ஆஸ்பத்திரியில் படுக்கை ஏன் இல்லை என்று சர்க்காரைக் கேட்க வேண்டிய வாய், “தாயே காப்பாற்று” என்று கல்லைக் கேட்டுவிட்டு மூடிக்கொள்கிறது. கல் பதில் சொல்லாது. பதில் சொல்ல வேண்டியவர்களும் தப்பித்துக்கொள்கிறார்கள். நஷ்டம் இதுதான். இந்த நஷ்டத்தை உயிரால் கட்டுகிறவன் ஏழை.

ஆகவே தோழர்களே! அடுத்த வியாதி எப்போது வருமென்று எவராலும் சொல்ல முடியாது. ஆனால் அது வந்த மறு மாதமே அதற்கு ஒரு தேவி வருவாள் என்பதை நாம் இப்போதே சொல்லிவிடலாம். அன்று உண்டியலுக்குக் காசு கேட்டு வருகிறவர்களிடம், “எங்கள் ஊர் ஆஸ்பத்திரிக்கு என்ன செய்தீர்கள்?” என்ற ஒரே கேள்வியைக் கேட்கும்படி பெருங்களத்தூர், தாம்பரம், வண்டலூர்ப் பொதுமக்களை, முக்கியமாய்த் தாய்மார்களை, வேண்டிக்கொள்ளுகிறோம்.