சமாதானம் ஆனது சரி... அப்பீலை வாபஸ் வாங்கலாமா?

புருஷன் - பெண்டாட்டி தகராறு. வேலூர் குடும்பநல கோர்ட்டில் விவாகரத்து தீர்ப்பு ஆகிவிட்டது. தோற்றுப்போன மனைவி ஆம்பூரில் ஷூ கம்பெனி தொழிலாளி. இப்படி ஒரு குடும்பத்தை வைத்துக்கொள்வோம்.

1984-ம் ஆண்டு குடும்பநல கோர்ட்டு சட்டப்படி அப்பீல் போட 30 நாள்தான் கெடு. லீவு போட்டால் கூலி போச்சு. சென்னைக்குப் போய் வரவும், வக்கீலுக்குக் கொடுக்கவும் பணம் புரட்டுவதற்குள் கெடு ஓடிவிடும். அப்புறம், தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஐகோர்ட்டில் தனி மனு. அது பாஸ் ஆனால்தான் அப்பீலே விசாரணைக்கு வரும்.

இதற்குள் ஊர்ப் பெரியவர்கள் பேசி இருவரையும் சேர்த்து வைக்கிறார்கள். "கேசை வாபஸ் வாங்கிடும்மா, சனியன் விட்டது" என்கிறார்கள்.

இங்கேதான் ஆபத்து!

வாபஸ் ஆவது அப்பீல் மட்டும்தான். கீழ்க்கோர்ட்டு தீர்ப்பு அப்படியே நிற்கும். வீட்டில் ஒரே அடுப்பு. சட்டத்தின் கண்ணில் இருவரும் பிரிந்தவர்கள். நாளைக்கு அவருக்கு ஏதாவது ஆகிவிட்டால், பென்ஷன் கேட்டுப் போகிற பெண்ணிடம் "நீ மனைவியே இல்லை" என்று விவாகரத்து தீர்ப்பை நீட்டுவார்கள்.

சேர்ந்து வாழ முடிவு செய்தவர்கள் வாபஸ் வாங்கக்கூடாது. சமரசத்தை எழுதி இருவரும் கையெழுத்துப் போட்டு, தாமதத்தை மன்னித்து விவாகரத்தை ரத்து செய்யும்படி ஐகோர்ட்டில் சேர்ந்தே கேட்க வேண்டும்.

பணம் வாங்கிக்கொண்டு பிரிவது என்று பேசி முடித்தவர்களுக்கு வாபஸ் சரிதான். ஆனால் பணம் கைக்கு வந்த பிறகு கையெழுத்து. எவ்வளவு தொகை, பிள்ளை யாரிடம் என்பதெல்லாம் எழுத்தில் கோர்ட்டுக்குப் போக வேண்டும். வாய்ப்பேச்சை நம்பி வாபஸ் வாங்கிவிட்டு, மறுபடியும் அப்பீல் போடலாம் என்றால் நடக்காது. கெடு எப்போதோ முடிந்துபோன கதை!

வெளியே பேசித் தீர்த்தால் கோர்ட்டு கோபிக்குமோ என்ற பயமும் வேண்டாம். தமிழ்நாட்டு பண வழக்கு ஒன்றில் தனியாக சமரசம் செய்து அப்பீலை வாபஸ் வாங்கியவருக்கு, கோர்ட்டு கட்டணத்தைத் திருப்பிக் கொடுத்தது சரியே என்று 2021 பிப்ரவரி 17-ல் சுப்ரீம் கோர்ட்டு சொன்னது.

கோர்ட்டு படி ஏறாதே என்பார்கள். ஏறியாகிவிட்டது. இறங்கும்போதாவது பார்த்து இறங்குவதுதான் புத்திசாலித்தனம்.