பாவித்த கப்பல்களும் பழைய மன்னர்களும்

சிலப்பதிகாரத்தின் உரைபெறு கட்டுரையைப் படித்தவர்க்குக் கயவாகு மன்னன் புதியவனல்லன். பத்தினிக் கடவுளுக்கு இலங்கையிலே கோட்டம் எடுத்தவன் என்று தமிழ் நூல் கூறும் அம்மன்னனைச் சோழ நாட்டிலிருந்து பன்னீராயிரம் சிறைகளை மீட்டுவந்த வீரன் என்று சிங்கள மரபின் இராஜாவலிய கூறும். அவன் பெயர், அறுபது ஆண்டு இடைவெளியில், இந்நாட்டுக் கடற்படையின் இரு கப்பல்களுக்கு இடப்பட்டது. இட்டவர் மனத்தில் இருந்தவன் வழிபட வந்த கயவாகு அல்லன், வீரனான கஜபாகுவே என்பதில் ஐயமில்லை. ஆனால் அவ்விரு கப்பல்களும் பிறர் பாவித்துக் கழித்தவை.

முதற் கஜபாகு 1959இல் வந்தது. இரண்டாம் உலகப் போரிலே கனடாவுக்காகக் கட்டப்பட்டு, போர் முடிந்ததும் விற்கப்பட்டு, பின்னர் இஸ்ரேலியக் கடற்படையிற் சேர்ந்து, அங்கிருந்து இலங்கையை அடைந்த பிரிகேட் கப்பல் அது. உடன்வந்த மகாசேனனின் வரலாறும் அதுவே. அவற்றுக்கு முன்னர், 1949இல் பிரித்தானியாவிடமிருந்து வந்த கண்ணிவாரிக் கப்பல் ‘பிளையிங் பிஷ்’ என்ற பெயரை நீக்கி ‘விஜயா’ ஆயிற்று. 1962இன் சதிப்புரட்சி முயற்சிக்குப் பின் கடற்படைமீது அரசு கொண்டிருந்த பரிவு குன்றியது. கப்பல்கள் ஒவ்வொன்றாய்க் கழிந்தன.

இரண்டாயிரமாம் ஆண்டிலே இந்தியாவிடமிருந்து ‘சரயு’ வந்தது. இராமனது அயோத்தியைத் தழுவிச் செல்லும் ஆற்றின் பெயர் தாங்கிய கப்பல் இலங்கைக்கு வந்து ‘சயுர’ ஆயிற்று. சிங்களத்தில் அச்சொல்லுக்குக் கடல் என்பது பொருள். ஆறு கடலிற் கலந்தது என்று கவிநயம் பேசலாம். ஆயின் அக்கப்பல் 2007இல் ஆழ்கடலில் விடுதலைப் புலிகளின் ஆயுதக் கப்பல்களை அழித்த நடவடிக்கைகளிற் பங்குகொண்டது. அப்போரின் முடிவு எவ்வாறாயிற்று என்பதை அறிந்த நமக்கு அந்நயம் இனிப்பதில்லை.

இரண்டாம் கஜபாகு 2019 யூனிற் கடற்படையிற் சேர்ந்தது. அமெரிக்கக் கரையோரக் காவற்படையில் 1968 முதல் ஐம்பது ஆண்டு உழைத்த ‘ஷேர்மன்’ அது. அந்நாட்டுத் திறைசேரிச் செயலாளர் ஒருவரின் பெயர். வெண்ணிற மேனிக்குச் சாம்பற் பூச்சிட்டு மன்னன் பெயரைச் சூட்டினர். இரண்டே மாதங்களில், ஓகஸ்டில், சீனா தந்த ‘டொங்லிங்’ என்ற பிரிகேட் பராக்கிரமபாகு ஆயிற்று. ஒன்றையொன்று கடலெங்கும் கண்காணிக்கும் இரு வல்லரசுகளின் பழங்கப்பல்கள் ஒரே ஆண்டில் ஒரே கொடியின் கீழ் வந்தமை தற்செயல் அன்று. 2017இல் அம்பாந்தோட்டைத் துறைமுகம் தொண்ணூற்றொன்பது ஆண்டுக் குத்தகைக்குச் சீன நிறுவனத்திடம் சென்றதை நினைவிற் கொண்டால் காரணம் புலப்படும்.

வல்லரசுகள் ஏன் ஈகின்றன? பழங்கப்பலை உடைத்தழிப்பதற்கும் செலவுண்டு. கொடுத்துவிட்டாலோ, பெறுபவரின் மாலுமிகள் கொடுத்தவரிடமே பயில்வர். உதிரிப்பாகங்களுக்கு அவரையே நாடுவர். அவர் பழக்கிய முறையிலேயே கடலைக் காண்பர். நேற்றைய பகையும் இதற்குத் தடையன்று. வியட்நாம் போரில் அந்நாட்டுக் கரையை முற்றுகையிட நின்ற ‘மோர்கென்தோ’, ஷேர்மனின் சகோதரக் கப்பல், 2017இல் அதே வியட்நாமுக்குக் கொடையாக வழங்கப்பட்டது!

பெறுபவருக்கோ கலம் மட்டுமே இனாம். ஷேர்மன் வகைக் கப்பலில் டீசல் எந்திரங்களோடு விமான எந்திரத்தை ஒத்த வாயுச்சுழலிகளும் உள. எரிபொருளை வேகமாய் உண்பவை அவை. சீனக் கப்பலின் பொறி வேறு, படைக்கலம் வேறு, கையேட்டின் மொழியும் வேறு. இரு கண்டங்களின் பண்டசாலைகளை நம்பி ஒரு சிறு கடற்படை இயங்கவேண்டியுள்ளது. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் மக்கள் எரிபொருளுக்கு வரிசையில் நின்ற 2022ஆம் ஆண்டிலேதான் ‘டக்ளஸ் மன்றோ’ பசிபிக் கடந்து வந்து, நவம்பரில் விஜயபாகு ஆயிற்று.

இதனால் இக்கப்பல்கள் வீண் என்று கூறிவிடுதல் நேர்மையன்று. நமது நிலத்தைப்போல் ஏறத்தாழ எட்டு மடங்கு பரப்புள்ள பொருளாதாரக் கடல்வலயம் நமக்குண்டு. 2020இல் ‘நியூ டயமண்ட்’ எண்ணெய்க் கப்பல் கிழக்குக் கடலில் எரிந்தபோது ஆழ்கடல் செல்லத்தக்க கலங்களின் தேவை வெளிப்பட்டது. போதைப்பொருள் ஏற்றிய படகுகளைத் துரத்தவும் அவை வேண்டும். புதிதாய் வாங்க வசதியற்ற நாடு பாவித்ததைப் பெறுவதில் நாணமில்லை. ஆனால் எத்தகைய கப்பல் வேண்டும் என்ற கேள்விக்கு விடையைக் கொடுப்பவர் சொல்கிறார். நாம் பெயரை மட்டும் சொல்கிறோம். சோழரைப் பொலன்னறுவையினின்றும் அகற்றிய விஜயபாகு, பாண்டி நாட்டின்மேற் படை அனுப்பிய பராக்கிரமபாகு, சோழ நாட்டுச் சிறைமீட்ட கஜபாகு என்று, பெயர்த் தெரிவில் மட்டும் நம் அரசுக்குத் தயக்கமே இல்லை. இந்நாட்டுத் தமிழ் மாணவன் இப்பெயர்களை எவ்வாறு படிப்பான் என்று எவரும் எண்ணியதாகத் தெரியவில்லை.

வடக்கு மீனவருக்கு இம்மன்னர்களால் ஆவது யாது? பாக்கு நீரிணை ஆழங்குறைந்த கடல். நூற்றுப்பதினைந்து மீற்றர் நீளமுள்ள கலத்துக்கு அங்கு வேலையில்லை. இழுவை மடித் தொழிலை 2017இலேயே சட்டம் தடைசெய்தும், தமிழ்நாட்டு இழுவைப் படகுகள் யாழ்ப்பாணத்து மீனவரின் வலைகளை இன்றும் அறுத்துச் செல்கின்றன. அங்கே காவல் புரிவன பெயரற்ற சிறு படகுகள்; அவற்றுக்குச் சூட்ட எந்த மன்னனின் பெயரும் எஞ்சவில்லை.