சாட்டை பிடித்த கை

"சினிமாக்காரியைப் பற்றி நம் பத்திரிகையில் என்ன எழுத்து வேண்டிக் கிடக்கிறது? கூலிப் பிரச்சினை இருக்கிறது. மனைப்பட்டா பிரச்சினை இருக்கிறது. அதையெல்லாம் விட்டுவிட்டு..." என்று கேட்கும் தோழர்கள் இருக்கிறார்கள். கேட்கட்டும். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

திருநாவலூர் வட்டாரத்தில் மே தினத்துக்கு ஒரு நாடகம் போடலாம் என்று விவசாயத் தொழிலாளர்கள் பேசினார்கள். பண்ணையாரை எதிர்த்து நின்று பேசும் பெண் வேஷம் ஒன்று அதில் உண்டு. நடவு வேலைக்குப் போகும் பெண்கள் இரண்டு பேர், "அந்த வேஷத்தை நாங்களே கட்டுகிறோம்" என்று முன்வந்தார்கள். உடனே எழுந்தது முணுமுணுப்பு! "குடும்பப் பெண் கூத்தாடுவதா? ஊர் என்ன சொல்லும்?" இப்படிச் சொன்னவர்கள் மிராசுதார்கள் என்றால் எனக்கு ஆச்சரியம் இல்லை. நம்மோடு கொடி பிடித்து நடப்பவர்களே சொன்னார்கள். ஓர் ஆண்பிள்ளை மீசையை மழித்துவிட்டுச் சேலை கட்டினால் ஊர் ஒன்றும் சொல்லாதாம். ஒரு பெண், பெண்ணாக வந்து நின்றால் ஊர் கெட்டுப்போகுமாம். என்ன நியாயம் இது?

இன்னொருவர் சித்தாந்தமே பேசினார். "மேடை ஏறுவது, ஆம்பிளைகளுக்கு முன்னால் துணிச்சலாக நிற்பது, இதெல்லாம் வெள்ளைக்காரிகளுக்குச் சரி. அவர்கள் ரத்தம் அப்படி. நம்ம பொம்பிளைகளுக்கு ஆகாது" என்றார்.

ரத்தமாம்! நல்லது. ஒரு வெள்ளைக்காரியின் கதையையே எடுத்துக்கொள்வோம். துணிச்சல் ரத்தத்தில் வந்ததா, வயிற்றுப்பாட்டில் வந்ததா என்று பார்த்துவிடுவோம்.

சிப்பாயின் மகள்

அவருடைய பெயர் மேரி ஆன் எவன்ஸ். 1908 ஜனவரி 8-ந் தேதி ஆஸ்திரேலியாவின் மேற்குக் கரையில் உள்ள பெர்த் நகரில் பிறந்தவர். பிற்காலத்தில் இந்தியா முழுவதும் தரை டிக்கட் ஜனங்கள் "நாடியா" என்று கூவிக் கொண்டாடியது இவரைத்தான். "பயமறியாத நாடியா" என்று விளம்பரங்களில் போட்டார்கள். (நடிகை என்றால் 'அவள்', 'இவள்' என்று எழுதும் பழக்கம் நம் பத்திரிகை உலகத்தில் உண்டு. நான் 'அவர்' என்றே எழுதுவேன்.)

தகப்பனார் பிரிட்டிஷ் ராணுவத்தில் இருந்தவர். ஐந்து வயதுக் குழந்தையாக 1913-ல் மேரி பம்பாய்க்கு வந்து சேர்ந்தார். இங்கே ஒரு வேடிக்கையைப் பாருங்கள். 1901-லேயே ஆஸ்திரேலியாவில் ஒரு குடியேற்றச் சட்டம் போட்டுவிட்டார்கள். கறுப்புத் தோல்காரன் வந்து குடியேறாமல் தடுப்பதற்கென்றே போட்ட சட்டம். பம்பாய்க் கூலிக்காரன் பெர்த்தில் கால் வைக்க முடியாது. பெர்த்துச் சிப்பாயின் குடும்பமோ பம்பாயில் வந்து இறங்கலாம்! ஏகாதிபத்தியத்தின் கதவு ஒரு பக்கம்தான் திறக்கும்.

ஆனால் அதே ஏகாதிபத்தியம் அந்தச் சிப்பாயை என்ன செய்தது? 1914-ல் மூண்ட உலக யுத்தத்துக்கு அனுப்பியது. 1915-ல் அவர் ஜெர்மானியர்களின் கையில் மாண்டார். விதவைத் தாயும் சிறு பெண்ணும் மிஞ்சினார்கள். பெஷாவருக்குப் போனார்கள். அந்த எல்லைப்புறத்தில்தான் மேரி குதிரை ஏறவும் துப்பாக்கி சுடவும் கற்றுக்கொண்டார்.

1928-ல் பம்பாய்க்குத் திரும்பினார். தாயையும் தன்னுடைய ஆண் குழந்தையையும் காப்பாற்ற வேண்டும். ராணுவத்தாருக்குச் சாமான் விற்கும் ஒரு பெரிய கடையில் விற்பனைப் பெண்ணாக நின்றார். டைப் அடிக்கவும் சுருக்கெழுத்தும் கற்றுப் பார்த்தார். பிறகு ஆஸ்ட்ரோவா என்ற ருஷ்யப் பெண்மணியின் நடனக் குழுவில் சேர்ந்தார். அந்தக் குழுவோடு ராணுவ முகாம், மகாராஜா அரண்மனை, சின்னச் சின்ன ஊர்கள் என்று தேசம் பூராவும் சுற்றி ஆடினார். 1930-ல் ஜார்க்கோ சர்க்கஸில் வேலை பார்த்தார். சர்க்கஸ் கூடாரத்தில் ஒரு பெண்ணின் வாழ்க்கை எப்படி இருக்கும் என்பது, திருவிழாவுக்கு வந்த சர்க்கஸைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். கரணம் தப்பினால் மரணம். அதற்குப் பெயர் ரத்தமா? தினமும் செய்து செய்து உடம்பு கற்ற வேலை அது! கரும்பு வெட்டுகிறவனுக்கு அரிவாள் வசப்படுவது போல, நூற்பாலைப் பெண்ணுக்கு அறுந்த நூலைக் கண் மூடித் திறப்பதற்குள் முடிச்சுப் போடும் விரல் வசப்படுவது போல.

1928 என்று சொன்னேன் அல்லவா? அந்த வருஷம் பம்பாயில் இன்னொரு காரியமும் நடந்தது. ஒன்றரை லட்சம் பஞ்சாலைத் தொழிலாளர்கள் சுமார் ஆறு மாதம் வேலைநிறுத்தம் செய்தார்கள். செங்கொடி கிர்ணி காம்கார் சங்கம் அந்தப் போரில்தான் பிறந்தது. மறு வருஷமே அதன் தலைவர்களை மீரத் சதி வழக்கில் பிடித்துப் போட்டது வெள்ளைக்கார சர்க்கார். கடையில் நின்ற மேரிக்கும் இந்தப் போராட்டத்துக்கும் நேர் சம்பந்தம் இருந்தது என்று நான் கதை கட்டவில்லை. ஆனால் பிற்பாடு அவர் நடித்த படங்களை ஓடவைத்தவர்களில் அந்தத் தொழிலாளர்களும் உண்டு. படம் எடுத்த ஸ்டூடியோ இருந்ததோ, அந்த ஆலைகளுக்கு நடுவே, பரேலில்.

பரேல் மாளிகையும் சாட்டைக்காரியும்

கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கப்பல் கட்டிக் கொடுத்துப் பணம் சேர்த்த வாடியா பரம்பரையில் வந்தவர்கள் ஜே. பி. எச். வாடியா, ஹோமி வாடியா என்ற சகோதரர்கள். பரேலில் உள்ள குடும்ப மாளிகையிலேயே வாடியா மூவிடோன் கம்பெனியை நடத்தினார்கள். லாகூர் சினிமாக் கொட்டகை மானேஜர் ஒருவர் நாடியாவை அவர்களிடம் சேர்த்துவிட்டார். முதலில் சில்லறை வேஷங்கள். 1935-ல் ஹோமி வாடியா டைரக்ஷனில் 'ஹன்டர்வாலி' வந்தது. ஹன்டர்வாலி என்றால் சாட்டைக்காரி. கெட்ட மந்திரி, சிறைப்பட்ட ராஜா, முகமூடி போட்டுக்கொண்டு குதிரையில் வந்து ஏழைகளுக்காகச் சாட்டை வீசும் ராஜகுமாரி. இதுதான் கதை.

படத்துக்கு 80,000 ரூபாய் செலவு என்று சொல்வார்கள். வாங்கி வெளியிட விநியோகஸ்தர்கள் பயந்தார்கள். ஒரு பொம்பிளை ஆண்களைத் தூக்கி எறிகிற படத்தை யார் பார்ப்பார்கள் என்று கையை விரித்தார்கள். கடைசியில் வாடியாக்களே வெளியிட வேண்டியிருந்தது. பம்பாயில் 25 வாரம் ஓடியது! படத்தின் பெயரைப் போட்டுச் சாட்டையும் பெல்ட்டும் கடைத்தெருவில் விற்றார்கள். அடுத்த வருஷம் 'மிஸ் பிரான்டியர் மெயில்'. ஓடுகிற ரயிலின் கூரைமேல் சண்டை. 1942-ல் 'ஜங்கிள் பிரின்சஸ்'. அதில் சிங்கங்களோடு நடித்தார். மாற்று ஆள் வைத்துக்கொள்ளாமல் சண்டைகளைத் தானே செய்தார்.

படித்த கனவான்கள் என்ன சொன்னார்கள்? மில் கூலிகளும் குதிரை வண்டிக்காரர்களும் விசிலடித்துப் பார்க்கும் மட்டரகப் படம் என்றார்கள். ஆமாம், மில் கூலிதான் பார்த்தான். பகலெல்லாம் மேஸ்திரியிடம் ஏச்சு வாங்கியவன், இரவில் நாலணா கொடுத்து, அதிகாரம் படைத்தவன் முதுகில் சாட்டை விழுவதைப் பார்க்கப் போனான். அதில் என்ன மட்டம்?

அதற்காக அந்தப் படங்களைத் தலையில் தூக்கிவைத்து ஆடச் சொல்லவில்லை. அவற்றில் ஏழைகள் கூட்டமாய் நின்று கும்பிடுவார்கள். காப்பாற்ற வருவது ராஜகுமாரி. கெட்ட மந்திரி போனால் எல்லாம் சரியாகிவிடும். சங்கம் கிடையாது, கூட்டுப் போராட்டம் கிடையாது. பரேல் மாளிகையிலிருந்து வேறு எதை எதிர்பார்ப்பது? ஆனாலும் மூத்த வாடியா எம். என். ராயைப் பின்பற்றியவர் (ராய் கோஷ்டியோடு நமக்குள்ள வழக்கு வேறு), 1940-ல் வந்த 'டைமண்ட் குயின்' போன்ற படங்களில் பெண்களின் கல்வியையும் உரிமையையும் பேச வைத்தார். இல்லாததைச் சொல்லவும் வேண்டாம், இருப்பதை மறைக்கவும் வேண்டாம்.

ஏன் ஒரு வெள்ளைக்காரியைத் தேடினார்கள்? இதுதான் கேள்வி. இந்தியப் பெண் ஒருத்தி கால்சட்டை போட்டுக்கொண்டு ஆம்பிளையைத் தூக்கி எறிந்தால் சனாதனிகள் கொட்டகைக்கு நெருப்பு வைப்பார்கள். வெள்ளைத் தோல் என்றால் "அவர்கள் அப்படித்தான்" என்று விட்டுவிடுவார்கள். எனக்குப் படும் காரணம் இதுதான். முதலாளிக்கு வியாபாரம் தெரியும். ஆகவே தோழர் சொன்ன "ரத்தம்" எங்கிருந்து வந்தது என்றால், குடும்பப் பெண் கூத்தாடக் கூடாது என்ற நம்முடைய சொந்தப் பிற்போக்கிலிருந்து வந்தது.

நம் பெண்களுக்கு ஆகாது என்பது பச்சைப் பொய். 1931-ல் முதல் தமிழ் டாக்கி 'காளிதாஸ்' வந்தபோது அதில் கதாநாயகி டி. பி. ராஜலட்சுமி. குழந்தைப் பருவத்திலேயே கல்யாணம் செய்து வைக்கப்பட்டு, அது முறிந்து, பிழைப்புக்காக நாடக மேடை ஏறிய பெண். 1936-ல் 'மிஸ் கமலா' படத்தைத் தானே டைரக்ட் செய்தார். 'ஹன்டர்வாலி' வந்த அதே 1935-ல் தமிழ்நாட்டில் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்தார். ஒரு பெண், ஆண் வேஷம் போட்டு, பண்ணையாள் நந்தனாக வந்து நின்றார்! அதற்கு அவர் வாங்கிய சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். 1937-ல் 'மின்னல்கொடி'யில் கே. டி. ருக்மணி சண்டைக்காரக் கதாநாயகியாக வந்தார். இவர்களுக்கெல்லாம் எந்த ஊர் ரத்தம் ஓடியது?

சம்பாதித்துக் கொடுத்த பெண்

நாடியாவின் வாழ்க்கையில் ஒரு விஷயம்தான் என்னை உறுத்துகிறது. அவரும் ஹோமி வாடியாவும் பல வருஷம் ஒன்றாக வேலை செய்து, ஒருவரையொருவர் விரும்பினார்கள். ஹோமியின் தாயார் சம்மதிக்கவில்லை. அண்ணன் ஆதரவாக இருந்தும் பயனில்லை. தாயார் காலமான பிறகு, 1961-ல்தான் கல்யாணம் நடந்தது. அப்போது நாடியாவுக்கு வயது 53! அவர் குதித்துக் கொண்டுவந்த பணம் அந்த வீட்டு வாசலைத் தாண்டி உள்ளே போனது. அவர் மட்டும் வெளியே நிற்க வேண்டும். ஆஸ்திரேலியாவில் பிறந்திருந்தால் என்ன, வெள்ளைத் தோல் இருந்தால் என்ன, கூத்தாடி என்றால் பெரிய வீட்டில் கூத்தாடிதான். 1968-ல் கடைசியாக நடித்தார். 1996 ஜனவரி 9-ந் தேதி, 88-வது பிறந்த நாளுக்கு மறுநாள், பம்பாயில் காலமானார்.

"பயமறியாத" என்று விளம்பரம் செய்வதில் முதலாளிக்கு ஒரு சௌகரியம் உண்டு. பயமில்லாதவருக்குப் பாதுகாப்பு எதற்கு? இந்தத் தந்திரம் இன்றும் நடக்கிறது. 2020 பிப்ரவரியில் பூந்தமல்லி அருகே படப்பிடிப்பில் கிரேன் சாய்ந்து மூன்று பேர் செத்தார்கள். 2025 ஜூலையில் நாகப்பட்டினம் மாவட்டத்தில் கார் கவிழும் காட்சி எடுத்தபோது ஒரு ஸ்டண்ட் தொழிலாளி உயிரை விட்டார். வடக்கே நடிகர் அட்சய் குமார் தன் கைக்காசைப் போட்டுச் சுமார் 650 ஸ்டண்ட் தொழிலாளர்களுக்கு இன்ஷூரன்ஸ் ஏற்பாடு செய்ததாகச் செய்தி வந்தது. அவருக்கு நன்றி. ஆனால் கோடி கோடியாய் லாபம் புரளும் தொழிலில் தொழிலாளியின் உயிருக்குக் காப்பு ஒரு நடிகரின் தர்மமாகவா வர வேண்டும்? சினிமாத் தொழிலாளர்களுக்கென்று 1981-ல் தனிச் சட்டம் போட்டார்கள். 2020-ல் நாடாளுமன்றத்தில் நிறைவேற்றிய தொகுப்புச் சட்டங்களில் அதையும் போட்டுக் கரைத்துவிட்டார்கள்.

இனித் திருநாவலூருக்கு வருவோம். இது சுந்தரர் பிறந்த ஊர். ஆடி சுவாதியில் அவருக்குக் குருபூஜை நடக்கிறது. அந்தச் சுந்தரர் திருவாரூரில் கல்யாணம் செய்துகொண்ட பரவையார் யார்? உருத்திர கணிகையர் குலம். கோயிலில் ஆடிப் பாடிய பெண்களின் குலம். நான் சொல்லவில்லை, சேக்கிழார் சொல்கிறார். அந்த அம்மையாரின் கோபத்தைத் தணிக்கச் சிவபெருமானே ராத்திரியில் தெருவில் நடந்து தூது போனார் என்றும் அதே புராணம் சொல்கிறது. சாமியே வாசலில் போய் நின்ற பெண்ணுக்குக் கும்பிடு போடுகிறவர்கள், நடவுப் பெண் மேடை ஏறினால் மூக்கைப் பிடிக்கிறார்கள்! நம் பக்கத்துத் தெருக்கூத்தில் துரோபதை சபதத்துக்கு விடிய விடிய உட்கார்ந்து அழுகிறோம். துச்சாதனனை எதிர்த்துக் கத்தும் அந்த வேஷத்தை ஆண்கள் எவ்வளவோ காலமாகக் கட்டி வருகிறார்கள். அவர்கள் கலையை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் சபையில் இழுத்துவரப்பட்டவளின் ஆத்திரம், பண்ணை வரப்பில் ஏச்சு வாங்கிய பெண்ணுக்குத் தெரியாதா?

அந்த இரண்டு பெண்களும் நடிக்க வேண்டும். மற்றவர்களும் வர வேண்டும். சங்கம் செய்ய வேண்டிய வேலை பாக்கி இருக்கிறது. மேடைக்குப் பின்னால் உடுப்பு மாற்றக் கீற்று மறைப்பு வேண்டும். விளக்கும் தண்ணீரும் வேண்டும். ஒத்திகையை இருட்டுவதற்குள் முடிக்க வேண்டும். அன்றைய கூலி போகிறவர்களுக்கு நாடக நிதியிலிருந்து அந்தக் கூலியைக் கொடுக்க வேண்டும். நாடகம் முடிந்து அவர்களை வீடு சேர்க்க வண்டி ஏற்பாடு செய்ய வேண்டும். முணுமுணுத்த தோழர்கள் வண்டிப் பொறுப்பை எடுத்துக்கொள்ளட்டும்.