கையில் பட்டா, கணக்கில் யார் பெயர்?

விழா மேடையில் வாங்கிய இலவச வீட்டுமனைப் பட்டாவை லேமினேட் செய்து பீரோவில் பத்திரப்படுத்தியிருக்கும் குடும்பங்கள் தமிழ்நாட்டில் ஏராளம். கிராமங்களில் பெரும்பாலும் 2, 3 சென்ட்தான். அந்த இடம் எது என்று கேட்டால், "ஏரிக்கரைக்கு அந்தாண்ட எங்கேயோ குடுத்திருக்காங்க" என்று கை நீட்டுபவர்கள் அவர்களில் உண்டு. சர்வேயர் வந்து அளந்து கல் நட்டிருந்தால் அல்லவா காட்ட முடியும்?

மேடையில் தருவது வெறும் ஒப்படைப்பு ஆணை. அது கணக்கில் ஏற வேண்டும். நிலத்தை உட்பிரிவு செய்து, புல வரைபடத்தில் கோடு போட்டு, அ-பதிவேட்டில் பயனாளியின் பெயரை எழுத வேண்டும். நடுவில் ஒரு வேலை விடுபட்டாலும் "கம்ப்யூட்டரில் ஏறவில்லையே" என்று திருப்பி அனுப்பிவிடுகிறார்கள். கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் 3.5 லட்ச ரூபாய் கிடைக்கும் என்று போனாலும் மனை உங்களுடையதுதான் என்று காட்டச் சொல்வார்கள். வங்கியிலும் அதே கேள்விதான்.

ஆதிதிராவிடர்களுக்கு மனை வழங்குவதற்காகத் தனியாரிடமிருந்து அரசு எடுத்த நிலங்களில் சிக்கல் இன்னும் ஆழம். நிலம் எடுத்தாகிவிட்டது, பட்டாவும் கொடுத்தாகிவிட்டது. ஆனால் சிட்டாவில் பழைய உரிமையாளர் பெயரே நீடிக்கும். அரசு வழங்கும் நில மானியங்களைப் பதிவு செய்வது பதிவுச் சட்டப்படி கட்டாயமில்லை என்பதால், வில்லங்கச் சான்றிதழிலும் இந்த ஒப்படைப்பு தெரியாது. பக்கத்தில் பைபாஸ் வந்து மனை விலை ஏறியதும் பழைய உரிமையாளரின் வாரிசு அதே நிலத்தை விற்றால், வாங்குபவர் கண்ணுக்கு எல்லாம் சுத்தமாகத்தான் தெரியும். பிறகு கோர்ட்டுக்கு அலைவது கூலி வேலைக்குப் போகிற பட்டாதாரர்.

குறித்த காலத்துக்குள் வீடு கட்டவில்லையென்றால் பட்டா ரத்தாகும் என்றொரு நிபந்தனை வேறு. அளந்தே கொடுக்காத மனையில் எங்கே அஸ்திவாரம் தோண்டுவது? ஒப்படைத்தவர் தன் கடமையைச் செய்யாமலே, பெற்றவர் தவறிவிட்டார் என்று எழுத இந்த நிபந்தனை இடம் தருகிறது.

சட்டத்தில் பாதுகாப்பே இல்லை என்று சொல்ல முடியாது. பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு ஒதுக்கிய நிலத்தை மற்றவர்கள் அபகரிப்பது வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3-ஆவது பிரிவில் குற்றம். ஆனால் அங்கேயும் எது ஒதுக்கிய நிலம் என்று காட்டக் கணக்கு வேண்டும். மற்ற ஏழைகளுக்கு உரிமையியல் நீதிமன்றம்தான் கதி. அங்கே காலக்கெடு காத்திருக்கிறது. ஆக்கிரமிப்பிலிருந்து தன் நிலத்தை மீட்க அரசுக்கு 30 ஆண்டு அவகாசம். தனியாருக்கு 12 ஆண்டுதான்.

மனமிருந்தால் அரசால் வேகமாகச் செயல்பட முடியும். மனைக்கு நிலம் எடுக்கும் 1978-ஆம் ஆண்டின் 31-ஆவது சட்டத்தையும் வேறு இரண்டு நில எடுப்புச் சட்டங்களையும் செயல்படுத்த முடியாதபடி 2019-இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே ஆண்டிலேயே அவற்றை உயிர்ப்பிக்கச் சட்டம் கொண்டுவந்தது தமிழக அரசு. 2021-இல் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. நிலத்தை எடுப்பதற்குக் காட்டிய அவசரத்தில் பாதி, எடுத்த நிலத்தைப் பெற்றவர்களுக்கும் கிடைக்கக் கூடாதா?

கேட்பது பெரிய செலவு பிடிக்கும் காரியமும் அல்ல. அளந்து, கல் நட்டு, அ-பதிவேட்டில் பெயர் ஏற்றிய பிறகே பட்டா வழங்க வேண்டும். மேடையும் மாலையும் அதற்கப்புறம் இருக்கட்டும். ஒப்படைப்பு ஆணை ஒவ்வொன்றின் நகலும் சார்பதிவாளருக்குப் போய், வில்லங்கத்தில் தெரிய வேண்டும். வீடு கட்டும் கெடுவை மனையை அளந்து காட்டிய நாளிலிருந்தே கணக்கிட வேண்டும். நோட்டீஸ் கொடுத்து நேரில் விசாரிக்காமல் எந்தப் பட்டாவையும் ரத்து செய்யக் கூடாது. இவற்றை அரசாணையாகப் போட்டால் அடுத்த சுற்றறிக்கையில் மாறிவிடும், சட்டமாகவே வேண்டும். ஏற்கெனவே கொடுத்து, கணக்கில் ஏறாமல் கிடக்கும் பட்டாக்களின் பட்டியலைத் தாலுகாவாரியாக வெளியிட அந்தச் சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. வருகிற ஜமாபந்தியிலேயே தொடங்கலாம்.