சித்திரை வெயிலுக்குச் சீனத்து வெள்ளரி சாலட்!

'பிள்ளைகள் டவுன் கடைகளில் சீனச் சாலட் சாப்பிட்டுவிட்டு, வீட்டிலும் கேட்கிறார்கள். எங்கள் தோட்டத்தில் வெள்ளரி, கேரட் இருக்கின்றன. கடைச் சாஸ் வாங்காமல் செய்ய முடியுமா? பச்சையாகச் சாப்பிடுவதால் கெடுதல் வருமா?'

வாசகி, திண்டிவனம்.

தாராளமாகச் செய்யலாம். சீனாவில் கோடைக்காலத்தில் வீடுதோறும் செய்யும் சாலட் இது. வெள்ளரியை அகலக் கத்தியால் தட்டி நசுக்கி, பூண்டு, எள் எண்ணெய், வினிகர் சேர்ப்பார்கள். மேலே வறுத்த வேர்க்கடலை தூவுவதும் உண்டு. எள்ளும் கடலையும் திண்டிவனத்துக்குப் புதியவை அல்ல. இங்குள்ள எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தின் ரகங்களுக்கு டி.எம்.வி. என்றே பெயர். டி.எம்.வி.2 கடலை 1940-ம் ஆண்டே வெளியானது.

நான்கு பேருக்குத் தேவையானவை

வெள்ளரிப்பிஞ்சு அரை கிலோ, கேரட் 1, பூண்டு 4 பல், எலுமிச்சை 1, நல்லெண்ணெய் 2 டீஸ்பூன், எள் 1 டேபிள்ஸ்பூன், வறுத்த கடலை ஒரு கைப்பிடி, காய்ந்த மிளகாய் 2, நாட்டுச் சர்க்கரை 1 டீஸ்பூன், உப்பு, கொத்தமல்லித்தழை.

செய்முறை

வெள்ளரியைக் கழுவி, அம்மிக் குழவியால் லேசாகத் தட்டுங்கள். வெடித்த பிறகு கையால் பிய்த்துப் போடுங்கள். கத்தியால் நறுக்கியதைவிட இதில் புளிப்பும் உப்பும் நன்றாக ஏறும். ஒரு டீஸ்பூன் உப்புப் பிசறி 15 நிமிடம் வைத்து, நீரை வடித்துவிடுங்கள். வடிந்த நீரைக் கொட்ட வேண்டாம். மோரில் கலந்து குடிக்கலாம். கேரட்டைச் சீவிச் சேருங்கள்.

சீனர்கள் எள்ளை நன்றாக வறுத்த பிறகே எண்ணெய் எடுப்பார்கள். நம் செக்கு எண்ணெயில் அந்த வாசம் இருக்காது. அதனால், எள்ளை வெறும் சட்டியில் பொரியும்வரை வறுத்து, ஒன்றிரண்டாகப் பொடித்துக் கொள்ளுங்கள். அதோடு நசுக்கிய பூண்டு, கிள்ளிய மிளகாய், எலுமிச்சைச்சாறு, நல்லெண்ணெய், சர்க்கரை கலந்து காயில் ஊற்றிப் பிரட்டுங்கள். கடலையைக் கடைசியில் தூவினால்தான் மொறுமொறுப்பாக இருக்கும். செய்த உடனே சாப்பிட்டுவிட வேண்டும். வெயில் காலத்தில் மறுவேளைக்கு வைக்கக் கூடாது.

கவனிக்க வேண்டியவை

கெடுதல் காயில் இல்லை. பறிக்கும் நாளில் இருக்கிறது. வெள்ளரியை ஒன்றுவிட்டு ஒரு நாள் பறிக்க வேண்டியிருக்கும். இன்று மருந்து அடித்துவிட்டு நாளை பறித்தால், அது நேராகப் பிள்ளையின் தட்டுக்கு வந்துவிடும். செடிக்குள் ஊடுருவும் மருந்துகள், எத்தனை முறை கழுவினாலும் முழுவதும் போகாது. தெளித்த பிறகு எத்தனை நாள் கழித்துப் பறிக்க வேண்டும் என்பது மருந்தோடு வரும் துண்டுப்பிரசுரத்தில் பயிர்வாரியாக அச்சிடப்பட்டிருக்கும். தெளித்த தேதியை நாள்காட்டியில் குறித்து வைத்து, அந்தக் கெடு முடிந்த பிறகே பறியுங்கள். சந்தைக்குப் போகும் காய்க்கும் இதே கணக்குதான். அதையும் யாரோ ஒரு பிள்ளை பச்சையாகத்தான் கடிக்கப்போகிறது.

இதைவிட நல்ல வழி, மருந்துக் காற்றுப் படாத இடத்தில் வீட்டுக்கென நான்கைந்து கொடிகள் வைப்பது. பழ ஈ குத்திய பிஞ்சுகளை அவ்வப்போது பறித்து ஆழமாகப் புதைத்து வந்தாலே பாதித் தொல்லை குறையும்.

காயின் காம்புப் பக்கம் சிறு துண்டு ருசி பார்த்துவிட்டுச் சேருங்கள். தண்ணீர் தட்டுப்பாட்டிலும் கடும் வெயிலிலும் சில காய்கள் கசக்கும். கடுமையாகக் கசந்தால் முழுக் காயையும் எறிந்துவிடுங்கள். வாந்தி, வயிற்றுப்போக்கு வரலாம்.

பூசணம் பிடித்த, நிறம் மாறிய, சுருங்கிய கடலைப் பருப்புகளைப் பொறுக்கி நீக்குங்கள். அவற்றில் அஃப்ளாடாக்ஸின் என்ற நஞ்சு இருக்கலாம்; வறுத்தாலும் அது அழியாது. விற்றது போகக் கழிந்த கடலையை வீட்டுக்கு ஒதுக்குவது பல குடும்பங்களில் வழக்கம். இந்தச் சித்திரையில் களத்துக்கு வரும் கடலையில், நன்றாகக் காய்ந்த முதல் தரத்தில் ஒரு மரக்காலை வீட்டுக்கென்று முதலில் எடுத்து வையுங்கள்.